கற்பனை நரம்பு நோய் கதையில் ஒட்டவில்லையா? அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழி

மனதுக்குள்ளேயே நடக்கிற ஒரு மாய உலகம், அதில் நீங்களே கண்டுபிடித்த ஒரு நரம்பு நோய். யோசிக்கும்போது பிரமாதமாக இருக்கும், எழுதிப் பார்த்தால் எங்கோ இடிக்கும். படித்தவர்கள் "நல்லாத்தான் இருக்கு, ஆனா..." என்று இழுப்பார்கள். அந்த 'ஆனா'வுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று அவர்களுக்கே சொல்லத் தெரியாது, அதைக் கண்டுபிடிப்பது எழுதுகிற நம் வேலை.

இந்தக் குறிப்புகளை வரிசையாகப் படிக்க வேண்டியதில்லை. உங்கள் கதையில் எந்த அறிகுறி தெரிகிறதோ அங்கே நேராகப் போய்விடலாம். முதல் அறிகுறியை மட்டும் எல்லோரும் ஒருமுறை சோதித்துவிடுங்கள், மற்றவற்றில் பாதி அதிலிருந்து கிளைப்பவைதான். எல்லாவற்றுக்கும் ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்வோம். ஒவ்வொருவர் மனதும் ஒரு நகரம். நினைவுகள் அங்கே வீடுகளில் குடியிருக்கின்றன. ஒரு நினைவிலிருந்து இன்னொரு நினைவுக்குச் சேதி போக வேண்டுமென்றால் ஒரு தபால்காரி கடிதத்தை எடுத்துக்கொண்டு நடக்க வேண்டும். அவளுக்கு வருகிற நோய் கதவுமறதி: கதவு கண்ணுக்குத் தெரியும், ஆனால் அது திறக்கக்கூடிய ஒன்று என்பது மட்டும் தோன்றவே தோன்றாது.

அறிகுறி: நோய் வந்ததும் எல்லாமே கெட்டுப்போகிறது

நோயாளிக்கு ஞாபகம் போகிறது, பேச்சு குழறுகிறது, ஆட்களை அடையாளம் தெரியவில்லை, அழுகை வேறு. இரண்டு பக்கத்துக்குள் ஆள் மொத்தமாக உடைந்துவிடுகிறார். இப்படி எழுதினால் படிப்பவருக்குப் பரிதாபம் வரும், ஆர்வம் வராது. அடுத்து என்ன ஆகும் என்று ஊகிக்க அவருக்கு ஒரு பிடியும் கிடைக்காது, ஏனென்றால் எதுவும் எப்போது வேண்டுமானாலும் கெடலாம் என்று ஆகிவிட்டது.

உண்மையான மூளைச் சேதங்களைப் பார்த்தால் அவை பயங்கரமாக இருப்பதே அவற்றின் துல்லியத்தால்தான். 1983-இல் ஜெர்மனியில் சீல் என்பவரும் அவருடன் வேலை செய்தவர்களும் ஒரு பெண்ணைப் பற்றி எழுதினார்கள். அவருக்கு நிறம் தெரியும், முகம் தெரியும், எழுத்தைப் படிக்க முடியும். அசைவு மட்டும் தெரியாது. கோப்பையில் தேநீர் ஊற்றினால் அது உறைந்து நிற்பதாகத் தெரியும், எப்போது நிறுத்துவது என்று புரியாது. தூரத்தில் நிற்கிற கார் அடுத்த கணம் பக்கத்தில் நிற்கும், நடுவில் எதுவும் இல்லை. ஒரே ஒரு திறன் போயிருக்கிறது, அதை ஒட்டிய எல்லாம் அப்படியே இருக்கின்றன. அந்த எல்லைக்கோட்டில்தான் கதை இருக்கிறது.

இன்னொன்று, பலருக்கும் தெரிந்ததுதான். 1953-இல் வலிப்பு நோய்க்காக ஹென்றி மொலேசன் என்ற இளைஞருக்கு மூளையில் நினைவுக்கு முக்கியமான ஹிப்போகாம்பஸ் என்ற பகுதியில் இரண்டு பக்கமும் பெரும்பகுதியை அறுத்து எடுத்தார்கள். அதன் பிறகு அவரால் புதிதாக எந்த நிகழ்ச்சியையும் நினைவில் வைத்துக்கொள்ள முடியவில்லை. ஆனால் உளவியலாளர் பிரெண்டா மில்னர் அவருக்குக் கண்ணாடியில் பார்த்தபடி நட்சத்திரம் வரையும் பயிற்சி கொடுத்தபோது நாளுக்கு நாள் கை தேறிக்கொண்டே வந்தது. ஒவ்வொரு நாளும் அவருக்கு அது முதல் தடவை. மனம் கற்றுக்கொள்ளவில்லை, கை கற்றுக்கொண்டது.

சரி, எப்படிச் சரிசெய்வது? ஒரு தாளில் இரண்டு பத்தி எழுதுங்கள். ஒன்றில் நோய் எடுத்துக்கொண்டது, அது ஒரே வாக்கியமாக இருக்க வேண்டும். இன்னொன்றில் நோய் தொடாமல் விட்டுவைத்தது, இது நீளமாக இருக்க வேண்டும், அதுவும் போனதற்கு மிக நெருக்கமான விஷயங்களாக இருக்க வேண்டும். கதவுமறதியில் என்ன மிச்சம்? தபால்காரிக்கு ஜன்னல் தெரியும். மூடிய பெட்டியைத் திறக்கத் தெரியும். கதவின் மரம், கீல், கைப்பிடி, வர்ணம் எல்லாவற்றையும் வருணிப்பாள். வேறு யாராவது கதவைத் திறந்து உள்ளே போனால், அவர் சுவருக்குள் கரைந்துவிட்டதாக நினைப்பாள்.

அப்புறம் ஒரு கேள்வி கேளுங்கள்: அவளுக்குத் தெரியாதது அவள் கைக்குத் தெரியுமா? இதற்கும் நிஜ முன்னுதாரணம் உண்டு. டி.எஃப். என்று மருத்துவ எழுத்துகளில் அறியப்படும் ஒரு பெண் 1988-இல் கார்பன் மோனாக்சைடு வாயுவால் மூளை பாதிக்கப்பட்டு, பொருள்களின் வடிவத்தைப் பார்த்துச் சொல்லும் திறனை இழந்தார். அவர் முன்னால் தபால்பெட்டியில் இருப்பது போன்ற ஒரு நீளத் துவாரத்தை வைத்து, அது நேராக இருக்கிறதா, சாய்ந்திருக்கிறதா என்று கேட்டால் அவரால் சொல்ல முடியவில்லை. கையில் ஒரு அட்டையைக் கொடுத்து உள்ளே போடச் சொன்னால் கை தானாகத் திரும்பி, சரியான சாய்வில் போட்டுவிட்டது. குட்டேலும் மில்னரும் (மேலே சொன்ன பிரெண்டா அல்ல, டேவிட்) 1991-இல் இதை வெளியிட்டார்கள். பார்த்து அறிவதற்கும் பார்த்துச் செய்வதற்கும் மூளையில் வெவ்வேறு பாதைகள் என்ற கருத்துக்கு இந்த ஒரு பெண்மணியின் கை பெரிய சான்று.

இப்போது நம் தபால்காரியைப் பாருங்கள். இருட்டில் நடக்கும்போது கதவைத் திறந்துவிடுவாள். வெளிச்சம் வந்தால் நின்றுவிடுவாள். ஒரே பத்தியில் உங்களுக்கு ஒரு காட்சி, ஒரு மர்மம், ஒரு வாழும் வழி மூன்றும் கிடைத்துவிட்டன. நோயைப் பெரிதாக்கியதால் கிடைத்தவை அல்ல இவை, சிறிதாக்கியதால் கிடைத்தவை.

அறிகுறி: நோயாளியே மருத்துவர் மாதிரி பேசுகிறார்

"எனக்குக் கதவுகள் தெரிவதில்லை, அவை எனக்கு வெறும் பலகைகள்." இப்படி ஒரு வசனம் உங்கள் கதையில் முதல் பக்கத்திலேயே இருந்தால், அதை அடித்துவிடுங்கள். நோயை நீங்கள் வெளியிலிருந்து கண்டுபிடித்தீர்கள், அதனால் அதன் வடிவம் உங்களுக்கு முழுசாகத் தெரிகிறது. அவளுக்குத் தெரியாது. ஓட்டையை ஓட்டையாகப் பார்க்க வேண்டுமென்றால், அங்கே என்ன இருந்திருக்க வேண்டும் என்று தெரிந்திருக்க வேண்டும். பல நேரங்களில் போயிருப்பதே அந்த அறிவுதான்.

பக்கவாதத்தில் இடது கை முழுசாக விழுந்துவிட்ட சிலர், கை நன்றாக இருக்கிறது என்று சாதிப்பார்கள். பொய் சொல்வதில்லை, நம்புகிறார்கள். கையைத் தூக்கச் சொன்னால் "மூட்டு வலி", "இப்போ மனசில்லை", "தூக்கிட்டேனே" என்று ஏதாவது வரும். பிரெஞ்சு நரம்பியலாளர் பாபின்ஸ்கி 1914-இல் இந்த நிலைக்குப் பெயர் வைத்தார். பார்வையே போன பிறகும் தனக்குக் கண் தெரிகிறது என்று அடித்துச் சொல்கிறவர்களும் உண்டு. நாற்காலியில் இடித்துக்கொண்டு, அறையில் வெளிச்சம் குறைவு என்பார்கள்.

மூளை காரணம் தயாரிப்பதில் எவ்வளவு வேகம் என்பதற்கு மூளை ஆய்வாளர் மைக்கேல் கசானிகாவின் சோதனை ஒன்று போதும். மூளையின் இரு பாதிகளை இணைக்கும் நரம்புக்கற்றையை அறுவை சிகிச்சையில் துண்டித்த ஒருவர். பேசுகிற இடது பாதிக்குக் கோழிக்காலின் படம், பேசத் தெரியாத வலது பாதிக்குப் பனி மூடிய காட்சி. பொருத்தமான படங்களை எடுக்கச் சொன்னபோது இடது பாதி ஆட்டுவிக்கும் வலது கை கோழியை எடுத்தது, வலது பாதி ஆட்டுவிக்கும் இடது கை பனி அள்ளும் மண்வாரியை எடுத்தது. ஏன் என்று கேட்டார்கள். பனியைப் பார்த்தே இராத இடது பாதி ஒரு நொடிகூடத் தயங்கவில்லை: கோழிக்கூண்டைச் சுத்தம் செய்ய மண்வாரி வேண்டுமே!

ஆகவே நோயைப் பற்றிய விளக்க வசனங்களை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் சாக்குகளைப் போடுங்கள். தபால்காரி கடிதங்களைத் திருப்பிக்கொண்டு வருகிறாள். "வீட்டில் ஆள் இல்லை." அடுத்த நாள், "அந்தத் தெருவில் இப்போது வீடே இல்லை, வெறும் மதில்." அதற்கடுத்த நாள், "இந்த விலாசங்கள் எல்லாம் போலி, யாரோ என்னைச் சோதிக்கிறார்கள்." சாக்குகள் வளர வளர அவை ஒரு கொள்கையாகும், கொள்கை ஒரு பகையாகும். படிப்பவருக்கு அவளைவிட ஒரு அடி முன்னால் நோய் புரிய ஆரம்பிக்கும், அந்த ஒரு அடி இடைவெளி போதும் கதையை இழுத்துச் செல்ல. கதை தபால்காரியின் குரலிலேயே போகிறதென்றால் இது இன்னும் சுவாரஸ்யம், ஆனால் கஷ்டம்: 'கதவு' என்ற சொல்லை அவள் கடைசிவரை பயன்படுத்தக் கூடாது.

அறிகுறி: நோயை எந்த உலகத்தில் வைத்தாலும் பொருந்துகிறது

இது தந்திரமான பிழை. கதை தடையில்லாமல் ஓடும், நோய் நம்பும்படி இருக்கும், உலகமும் அழகாக இருக்கும். ஆனால் உலகத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் ஒரு சாதாரண ஊரை வைத்தாலும் எதுவும் மாறாது. அப்படியானால் மனவுலகம் வெறும் திரைச்சீலை. சோதனை எளிது: நோயாளியை மாய உலகத்திலிருந்து வெளியே கொண்டுவந்து ஒரு பக்கம் எழுதிப் பாருங்கள். அதே அளவு நன்றாக வந்தால் பிழை இருக்கிறது.

சரிசெய்ய, மனதுக்குள் இருக்கும் இடம் என்பது வெறும் உருவகம் இல்லை என்பதை முதலில் நம்ப வேண்டும். 1978-இல் இத்தாலியில் பிசியாக்கும் லுசாட்டியும் செய்த ஒரு சோதனையை, மனவுலகம் எழுதுகிற யாரும் தெரிந்துகொள்ளாமல் இருக்கக் கூடாது என்பேன். மூளையின் வலது பக்கம் சேதமானால் சிலர் தங்கள் இடது பக்கத்தில் இருப்பதையே கவனிக்க மாட்டார்கள். தட்டில் இடது பாதி உணவு மிஞ்சும், முகத்தில் வலது பாதி மட்டும் சவரம் ஆகும். அப்படிப்பட்ட மிலான் நகரத்து நோயாளிகள் இருவரிடம், ஊரின் நடுவிலுள்ள பெரிய தேவாலயச் சதுக்கத்தை நினைத்துக்கொள்ளச் சொன்னார்கள். தேவாலயத்தைப் பார்த்தபடி எதிர்முனையில் நிற்பதாகக் கற்பனை செய்தபோது வலது பக்கக் கட்டடங்களை ஒவ்வொன்றாகச் சொன்னார்கள், இடது பக்கம் அநேகமாக ஒன்றும் வரவில்லை. சரி, இப்போது தேவாலய வாசலில் நின்று இந்தப் பக்கம் பார்ப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள் என்றார்கள். சற்று முன் இல்லாமல் போன கட்டடங்கள் இப்போது வந்துவிட்டன, முன்பு சொன்னவை காணாமல் போயின. கண்முன் எதுவும் இல்லை, எல்லாம் நினைவுதான். நினைவு முழுசாக இருந்திருக்கிறது. நிற்கிற இடத்தைப் பொறுத்துப் பாதி மறைந்திருக்கிறது.

இதைப் படித்ததும் உங்கள் உலகத்துக்கு என்ன விதி போடலாம் என்று தோன்ற வேண்டும். என் பங்குக்கு ஒன்று: மனநகரத்தில் ஒரு நினைவு தொலைந்தால், அது அழிந்ததா அல்லது நாம் நிற்கும் இடத்திலிருந்து தெரியவில்லையா என்று முதலில் பார்க்க வேண்டும். ஒருவர் மனதுக்குள் போகிற வைத்தியர் ஒரே வாசல் வழியாகப் போய் "இந்த வீடு இடிந்துவிட்டது" என்று எழுதி வந்தால், எதிர்வாசல் வழியாகப் போகிறவர் அதைப் பார்த்துச் சிரிப்பார்.

மூளைக்குள் வரைபடம் இருப்பதும் நிஜம். எலி ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு வரும்போது மட்டும் துடிக்கும் செல்களை ஜான் ஓ'கீஃப் 1971-இல் ஹிப்போகாம்பஸில் காட்டினார். மோசர் தம்பதியின் ஆய்வுக்கூடம் 2005-இல், நடக்கும் தரையை அறுகோண வலையாக அளக்கிற வேறு வகைச் செல்களைப் பக்கத்துப் பகுதியில் காட்டியது. மூவருக்கும் 2014-இல் நோபல் பரிசு. இடத்துக்கும் நினைவுக்கும் ஒரே உறுப்பு வேலை செய்கிறது என்பதால், நினைவை நகரமாக வரைகிற நீங்கள் ரொம்பவும் இட்டுக்கட்டவில்லை.

ஆனால் வரைபடத்தில் யார் யாருக்குப் பக்கத்து வீடு என்பது நாம் நினைப்பது மாதிரி இருக்காது. பென்ஃபீல்டும் போல்ட்ரியும் 1937-இல் வெளியிட்ட உடல் வரைபடத்தில் (எந்த உறுப்புக்கு மூளையில் எந்த இடம் என்று காட்டுவது), மூளைப் புறணியில், அதாவது மூளையின் வெளி அடுக்கில், கைக்குப் பக்கத்தில் இருப்பது முகம். அதனால்தான் கையை இழந்த சிலரின் கன்னத்தைத் தொட்டால் இல்லாத விரல்களில் தொடுவதாக உணர்கிறார்கள் என்று நரம்பியலாளர் ராமச்சந்திரன் 1990-களில் விளக்கினார். காலியான வீட்டுக்குப் பக்கத்து வீட்டுக்காரர் குடிவந்துவிட்டார். உங்கள் நகரத்திலும் நோய் பரவுவது தர்க்கப்படி இருக்கக் கூடாது, தெருப்படி இருக்க வேண்டும். கதவுமறதி முற்றினால் அடுத்து ஜன்னல்மறதி என்று எழுதினால் அது அகராதி பார்த்து எழுதியது. தபால்காரியின் நகரத்தில் கதவுகளின் தெருவுக்கு அடுத்த தெரு எது என்று முதலில் வரைந்துவிடுங்கள். விடைபெறுதல்களின் தெரு என்று நான் வைப்பேன். நோய் அங்கே கசிந்தால் அவளுக்கு யாரிடமிருந்தும் கிளம்ப வராது.

கிட்டத்தட்ட இதே திசையில் ஒரு நிஜச் சோதனையும் இருக்கிறது. வாசலைக் கடந்து அடுத்த அறைக்குப் போனதும், கையில் கொண்டுவந்ததைப் பற்றிய நினைவு தளர்வதை ராட்வான்ஸ்கியும் அவர் குழுவும் 2011-இல் காட்டினார்கள். அனுபவத்தை மனம் துண்டுதுண்டாக வெட்டி வைக்கிறது, வாசல் ஒரு வெட்டுமிடம் என்பது அவர்கள் விளக்கம். அப்படியானால் மனநகரத்தில் கதவு தெரியாமல் போகிறவளுக்கு உள்ளே நுழைவது மட்டுமா போகும்? ஒரு விஷயம் முடிந்து இன்னொன்று தொடங்குவதும் போகும். காலையில் கேட்ட சண்டை இரவிலும் நடந்துகொண்டே இருக்கும். இதுதான் இந்த உலகத்துக்கு மட்டுமே உரிய நோய், சாதாரண ஊரில் வைத்தால் பாதி செத்துவிடும்.

அறிகுறி: கதைக்குத் தேவைப்படும்போது நோய் கூடுகிறது, வேண்டாதபோது குறைகிறது

முக்கியமான கதவின் முன்னால் மட்டும் நோய் தாக்குகிறது, தப்பி ஓடும்போது எல்லாக் கதவும் திறக்கிறது. படிப்பவர் இதை உடனே பிடித்துவிடுவார். நோய்க்கு ஒரு நேர வடிவம் கொடுங்கள், அதன் பிறகு நீங்களே நினைத்தாலும் அதை மீறாதீர்கள். நிஜத்தில் பக்கவாதம் திடீரென விழும், பிறகு மெல்லக் கொஞ்சம் தேறும். நரம்பு தேயும் நோய்கள் ஆண்டுக்கணக்கில் நழுவும். வலிப்பு வந்து போகும்.

எனக்குப் பிடித்தது ஒற்றைத் தலைவலிக்கு முன் சிலருக்கு வரும் பளபளக்கும் கோணல்கோடு. அது பார்வையின் நடுப்பக்கம் சின்னதாகத் தொடங்கி, வளைந்து, பெருகி, பொதுவாக ஒரு மணி நேரத்துக்குள் ஓரத்துக்குப் போய் மறைகிறது. உளவியலாளர் கார்ல் லாஷ்லி தனக்கு வந்ததையே காகிதத்தில் வரைந்து வைத்து, 1941-இல் ஒரு கணக்குப் போட்டார்: மூளைப் புறணியில் ஏதோ ஒன்று நிமிடத்துக்கு சுமார் 3 மில்லிமீட்டர் வேகத்தில் நகர்கிறது. 1944-இல் லியாவோ என்ற ஆய்வாளர் முயல்களின் மூளையில் கிட்டத்தட்ட அதே வேகத்தில் பரவும் ஓர் அலையைக் கண்டார். நோய்க்கு வேகம் இருக்கிறது, அதை அளக்கலாம் என்றால் பாத்திரங்கள் திட்டம் போடலாம். அலை இன்னும் அடுத்த தெருவுக்கு வரவில்லை, அதற்குள் கடிதத்தைச் சேர்த்துவிட முடியுமா? பதற்றத்துக்கு வேறு எதுவும் வேண்டாம்.

அறிகுறி: நோயை விளக்கவே மூன்று பக்கம் ஆகிறது

ஒரு சோதனைக் காட்சி வையுங்கள். நரம்பியல் மருத்துவர்களிடம் படுக்கையருகே செய்கிற சின்னச்சின்னச் சோதனைகள் உண்டு. கடிகாரம் வரையச் சொல்வார்கள், இடது பக்கத்தைக் கவனிக்காதவர் எல்லா எண்களையும் வலது பாதியில் நெருக்கிவைப்பார். நீளக் கோட்டின் நடுவைக் குறிக்கச் சொன்னால் வலதுபக்கம் தள்ளிக் குறிப்பார். ஒரு தாள், ஒரு பென்சில், அரை நிமிடம். உங்கள் உலகத்து வைத்தியரிடமும் அப்படி ஒன்று இருக்கட்டும்: "நீ பிறந்த வீட்டை வரை." தபால்காரி அழகாக வரைகிறாள், ஜன்னல், கூரை, திண்ணை எல்லாம் இருக்கிறது. வீட்டைச் சுற்றி எங்கும் வாசல் இல்லை. அவள் தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, நன்றாக வந்திருக்கிறது என்று நினைக்கிறாள். விளக்கம் முடிந்தது.

அறிகுறி: மாயக்காட்சிகள் ஒரே பேய்ப்படமாக இருக்கின்றன

நிழல்கள், குருதி, கிசுகிசுக்கும் குரல். அலுத்துவிட்டது. மூளை தானாகத் தயாரிக்கும் காட்சிகளுக்கு அவற்றின் இலக்கணம் இருக்கிறது. ஷார்ல் போனே 1760-இல் தன் தாத்தாவைப் பற்றி எழுதினார். பார்வை மங்கிய அந்த முதியவருக்கு ஆட்களும் பறவைகளும் வண்டிகளும் கட்டடங்களும் தெரிந்தன. அவை நிஜமில்லை என்று அவருக்கே தெரியும், புத்தியில் ஒரு குறையும் இல்லை. இந்த வகைக் காட்சிகள் பெரும்பாலும் சத்தமில்லாதவை, பார்ப்பவரைச் சீண்டாதவை. சிலருக்குச் சிறிய உருவத்தில், வேலைப்பாடு மிகுந்த உடையில் மனிதர்கள் வருவார்கள். சிலருக்கு வெறும் வலைப்பின்னல்களும் செங்கல் வரிசைகளும்.

உங்கள் மாயக்காட்சிக்கு மூன்று விதி போடுங்கள்: அது எந்தப் புலனில் வரும், எதில் வரவே வராது, பார்ப்பவருக்கு அது மாயை என்று தெரியுமா. மூன்றாவது கேள்விக்கு 'தெரியும்' என்று பதில் சொன்னால் பயம் குறையும் என்று நினைக்காதீர்கள். தனக்கு முன்னால் நிற்கும் ஊர்வலம் பொய் என்று தெரிந்தும் அதற்கு வழிவிட்டு ஒதுங்குகிற ஒருவரை எழுதிப் பாருங்கள்.

அறிகுறி: நோய் தண்டனையாகவோ வரமாகவோ மாறிவிடுகிறது

கெட்டவனுக்கு நோய் வருகிறது, அல்லது நோயால் நாயகிக்கு அபூர்வ சக்தி வருகிறது. இரண்டும் ஒரே சோம்பல். மூளைச் சேதம் ஒழுக்கம் பார்த்து வருவதில்லை. 1848-இல் வெடிவிபத்தில் இரும்புக் கம்பி மண்டையைத் துளைத்துப் போன ஃபினியஸ் கேஜை, குணம் கெட்டுப்போன மனிதனுக்கு உதாரணமாக மட்டும் பலர் சொல்கிறார்கள். அவர் பிற்பாடு சிலி நாட்டில் பல ஆண்டுகள் குதிரைவண்டி ஓட்டிப் பிழைத்தார் என்பதைச் சொல்வதில்லை. பயணிகள், குதிரைகள், நேரம், கரடுமுரடான பாதை எல்லாவற்றையும் சமாளிக்கிற வேலை அது. உங்கள் நோயாளிக்கும் ஒரு வேலை கொடுங்கள், நோயோடு அதை எப்படிச் செய்கிறாள் என்று காட்டுங்கள். ஜன்னல் வழியாகவே கடிதம் போடும் தபால்காரிக்கு, வாசலில் நின்றால் தெரியாத சில விஷயங்கள் தெரியவரும். அது சக்தி இல்லை, வேறு இடத்தில் நிற்பதன் பலன். அந்த அளவோடு நிறுத்திக்கொள்ளலாம்.

இன்னொன்றும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். நீங்கள் கண்டுபிடித்த நோய்க்கு மிக நெருக்கமான நிஜ நோயோடு வாழ்கிறவர் உங்கள் கதையைப் படிக்கக்கூடும். அவர் தன்னைப் பிசாசாகவோ தெய்வமாகவோ பார்க்க விரும்ப மாட்டார்.

அறிகுறி: கடைசியில் ஒரே சொட்டு மருந்தில் குணமாகிறது

மந்திர மூலிகை, கண்ணீர்த் துளி, முத்தம், எதுவானாலும் சரி. முன்னூறு பக்கம் கட்டிய நோயை ஒரு பத்தியில் கலைத்தால், இத்தனை நேரம் அது இருந்ததா என்றே சந்தேகம் வரும். அதற்காகக் குணமே ஆகக் கூடாது என்று சொல்லவில்லை. நிஜ மருத்துவத்தில் சில குணமாதல்கள் எந்தக் கற்பனையையும் மிஞ்சும். ஆனால் அவற்றுக்கு ஒரு விலையோ ஒரு கெடுவோ இருக்கும்.

இடது பக்கத்தையும் முடங்கிய கையையும் மறுக்கிறவர்களைப் பற்றி மேலே சொன்னேன் இல்லையா, அவர்களில் சிலரின் இடது காதுக்குள் சில்லென்ற தண்ணீரை விட்டால் விசித்திரம் ஒன்று நடக்கிறது. காதின் சமநிலை உறுப்பு கிளறப்படுகிறது, கண்கள் ஒரு பக்கமாக இழுபடுகின்றன, கொஞ்ச நேரத்துக்கு இடது உலகம் திரும்பி வருகிறது. "என் கை அசையவில்லை" என்று அவர்களே சொல்கிறார்கள். தண்ணீரின் விளைவு அடங்கியதும் மறுபடியும் பழையபடி: கை நன்றாக இருக்கிறது. 1980-களிலிருந்து இது மருத்துவ ஆய்வுகளில் பதிவாகியிருக்கிறது. தெளிவு வருகிறது, தெளிவில் இருக்கும்போது தன் நிலைமை முழுசாகத் தெரிகிறது, பிறகு அந்தத் தெளிவே போய்விடுகிறது. கதை எழுதுகிறவருக்கு இதைவிடக் கூர்மையான கருவி கிடைப்பது கஷ்டம்.

இன்னொரு வடிவம், நெடுந்தூக்க மூளைக்காய்ச்சல். முதல் உலகப்போர்க் காலத்திலும் 1920-களிலும் பரவிய அது சிலரைப் பல பத்தாண்டுகள் சிலைபோல உட்கார வைத்துவிட்டது. 1969-இல் நியூயார்க்கில் ஒரு மருத்துவமனையில் அவர்களுக்கு எல்-டோபா என்ற மருந்தைக் கொடுத்தபோது எழுந்தார்கள், பேசினார்கள், நடந்தார்கள். பிறகு பலருக்கு அடக்க முடியாத அசைவுகளும் கொந்தளிப்பும் வந்தன, மருந்தின் அளவைக் கூட்டியும் குறைத்தும் அல்லாட வேண்டியிருந்தது.

உங்கள் மருந்துக்கும் இப்படி ஒரு விதி எழுதுங்கள். கதவுமறதிக்கு என் வழி: நகரத்தில் மழை பெய்யும்போது மட்டும் கதவுகள் தெரியும், ஏனென்றால் நனைந்த மரத்தில் கீல் முனகும், காது கண்ணுக்குச் சொல்லிக் கொடுக்கும். மழை நிற்பதற்குள் எந்த வீட்டுக்குப் போவது என்பதை அவள் முடிவு செய்ய வேண்டும். நுழைந்த வீட்டுக்குள் இருக்கும்போது மழை நின்றுவிட்டால் வெளியே வர அடுத்த மழை வரை காத்திருக்க வேண்டும். முழுக் குணத்தைவிட இதில் எழுத எவ்வளவோ இருக்கிறது.

இதிலெல்லாம் சேராத சில்லறைக் கோளாறுகள்

ஒரே கதையில் மூன்று கற்பனை நோய்கள் இருந்தால் இரண்டை அடுத்த கதைக்கு எடுத்து வையுங்கள். நோய் ஒருவருக்கு மட்டும் வருகிறது என்றால் ஏன் என்பதற்கு உங்களிடம் பதில் இருக்க வேண்டும், கதையில் சொல்ல வேண்டியதில்லை. சுற்றியிருப்பவர்கள் யாரும் எரிச்சல்படவில்லை என்றால் சந்தேகப்படுங்கள், நோயாளியைக் கவனிப்பவருக்கும் தூக்கம் கெடும், கோபம் வரும், ஒரு கட்டத்தில் அவரும் சாக்கு சொல்ல ஆரம்பிப்பார். நோயின் உள்ளிருந்து எழுதும் பகுதியில் 'போல', 'மாதிரி' நிறைய வந்தால் வெட்டுங்கள்: தபால்காரிக்குக் கதவு சுவர் மாதிரி தெரிவதில்லை, அவளுக்கு அது சுவர்.

எல்லாவற்றையும் சரிபார்த்த பிறகும் ஒட்டவில்லை என்றால், நோயே வராத ஒரு சாதாரண நாளை, அதே நகரத்தில், அதே ஆளுக்கு எழுதிப் பாருங்கள். பெரும்பாலும் அந்தப் பக்கம்தான் கதையில் இல்லாமல் இருக்கும்.